விடியற்காலை மூன்று மணிக்கு மண்டபத்தில் நிற்பது யார்?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஈரோடு மாவட்டத்தில் ஒரு திருமண மண்டபத்தின் மேலாளராக இருக்கிறேன். முந்தின நாள் மத்தியானம் சாவி கொடுப்பதிலிருந்து, மறுநாள் பாத்திரத்தை எண்ணி வாங்கும் வரை எல்லாம் என் கண் முன்னால்தான் நடக்கும். வெட்டிங் பிளானர் வைத்துக் கல்யாணம் செய்ய நினைக்கிற குடும்பங்களுக்கு, அங்கே உட்கார்ந்து பார்த்ததில் ஒரு விஷயம் சொல்ல வேண்டியிருக்கிறது.

பிளானர் வைப்பதை நான் குறை சொல்லவில்லை. ஸ்டோர் ரூம் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு திரிய ஒரு சித்தப்பா, பந்தி விசாரிக்க ஒரு மாமா என்று இருந்த வீடுகளில் இன்றைக்குச் சித்தப்பா பெங்களூரில், மாமா மகன் துபாயில். முதல் நாள் ராத்திரிதான் வந்து இறங்குகிறார்கள். காசு கொடுத்து ஆள் வைப்பது நியாயம்தான். எதற்குக் காசு கொடுக்கிறோம் என்பதில்தான் குழப்பம். ஆல்பத்தைக் காட்டுகிறார்கள், மேடை அலங்காரம், ட்ரோன், பெண் நடந்து வரும்போது இரண்டு பக்கமும் சீறும் மத்தாப்பு. பார்த்ததும் அட்வான்ஸ் கொடுத்துவிடுகிறோம். விடியற்காலை மூன்று மணிக்கு உங்கள் சார்பில் மண்டபத்தில் யார் நிற்பார், அவர் கையில் பணமும் முடிவெடுக்கும் அதிகாரமும் இருக்குமா என்று யாரும் கேட்பதாகத் தெரியவில்லை.

எங்கள் பக்கம் நாலரையிலிருந்து ஆறு மணிக்குள் முகூர்த்தம் வைப்பது சகஜம். அதனால்தான் மூன்று மணி. அடுப்பு எரிய வேண்டும், பூ வந்து இறங்க வேண்டும், மேளக்காரருக்குக் காபி போக வேண்டும். போன வைகாசியில் ஒரு கல்யாணத்தில் அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போய்விட்டது. ஜெனரேட்டர் ஓடியது, ஆனால் டீசல் அடிமட்டத்தில் இருந்தது. டீசல் பார்ட்டி பொறுப்பு என்று எங்கள் ரசீதிலேயே அச்சடித்திருக்கிறது. கம்பெனி பெயர் போட்ட டி-ஷர்ட்டில் இரண்டு பையன்கள், கையில் வாக்கி டாக்கி. "டீசலுக்கு யாருப்பா?" என்று கேட்டால் ஒருவன் மற்றவனைப் பார்க்கிறான். அவர்கள் முதலாளிக்கு அன்றைக்கே கோயம்புத்தூரிலும் சேலத்திலும் கல்யாணம்; போனை எடுக்கவில்லை. கடைசியில் பெண்ணின் அப்பாவே பட்டு வேட்டியை ஒரு கையில் பிடித்துக்கொண்டு வந்து, "ஏனுங்க, எவ்வளவுங்க ஆகும்?" என்று பணத்தை எடுத்தார். அவர் அந்த நேரத்தில் இப்படி அலையக்கூடாது என்பதற்காகத்தானே ஆள் வைத்தது?

நல்ல பிளானர்களையும் பார்த்திருக்கிறேன். திருப்பூர் பக்கத்திலிருந்து ஒரு அம்மா வருவார். கல்யாணத்துக்கு ஒரு மாதம் முன்பே வந்து மேடை அகலத்தை டேப் வைத்து அளப்பார். ஜெனரேட்டர் எத்தனை கேவிஏ, ஏசி போட்டால் தாங்குமா, குடிதண்ணீர் யாருடையது, மிச்சச் சாப்பாட்டை யாரிடம் கொடுப்பீர்கள், எல்லாம் கேட்பார். இங்கே கல்யாணச் சீர்களை முன்னின்று நடத்தி வைக்கும் அருமைக்காரரிடம் போனில் பேசி, இணைச்சீருக்கு எவ்வளவு நேரம் வேண்டும் என்று எழுதிக்கொள்வார். மாப்பிள்ளையின் அக்காவோ தங்கையோ கூறைப்புடவையோடு நின்று செய்கிற சீர் அது. கொங்கு வீடுகளில் அதைச் சுருக்கினால் கூடப்பிறந்தவள் மனசு தாங்காது. வெளியூர் பிளானர் ஒருவரின் அட்டவணையில் அந்த நேரத்துக்கு 'கப்பிள் ஷூட்' என்று போட்டிருந்ததைப் பார்த்துச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. அந்த அம்மாவின் தாளோ சமையல்கட்டுக் கதவில் ஒன்று, டைனிங் ஹால் வாசலில் ஒன்று, என் மேஜையில் ஒன்று என்று ஒட்டப்பட்டிருக்கும். மணி, வேலை, பொறுப்பாளர் பெயர், செல் நம்பர். வேறொன்றும் கிடையாது. எனக்குத் தெரிந்து பிளானிங் என்பது அந்தத் தாள்தான்.

அடுத்து இலைக் கணக்கு. கல்யாணம் முடிந்த பிறகு வருகிற சண்டையில் முக்கால்வாசி இதில்தான். சமையல் கான்ட்ராக்டர் ஆயிரத்து இருநூறு இலை என்பார், வீட்டுக்காரர் ஆயிரத்தைத் தாண்டவே இல்லை என்பார். பந்திக்குப் பந்தி பிளானரின் ஆள் ஒருவரும் சமையல்காரர் ஆள் ஒருவரும் சேர்ந்து எண்ணி, ஒரே நோட்டில் இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டால் அந்தப் பேச்சுக்கே இடமில்லை. இதைச் செய்வார்களா என்று முன்பே கேளுங்கள். "அதெல்லாம் கேட்டரிங்காரங்க பார்த்துப்பாங்க" என்று பதில் வந்தால் யோசியுங்கள்.

பணத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். பேசின தொகை ஜிஎஸ்டி சேர்த்தா, சேர்க்காமலா? இந்தச் சேவைக்கு 18 சதவீதம் என்பதால் தொகை பெரிதாகும்போது அதுவும் பெரிதாகும். பூக்காரர், மேளக்காரர், போட்டோக்காரரிடம் பிளானருக்குக் கமிஷன் உண்டு. அது தொழில், தப்பில்லை. ஆனால் அவர் சொல்கிற பூக்காரரைத்தான் வைக்க வேண்டுமா என்று கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. ஒரே நிகழ்ச்சிக்காக ஒருவரிடமிருந்து 2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கக்கூடாது என்று 2017-லிருந்து வருமான வரிச் சட்டம் சொல்கிறது. 'எல்லாம் கேஷ்தான்' என்கிறவரிடம் பின்னால் கணக்குக் கேட்டு என்ன பயன்? வீட்டில் ஒரு சாவு விழுந்து தேதி தள்ளிப்போனால் அட்வான்ஸ் என்ன ஆகும் என்பதும் எழுத்தில் இருக்கட்டும். கையில் ஒப்பந்தமும் ரசீதும் இருந்தால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்கு இரண்டு வருஷத்துக்குள் போகலாம். கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய் வரை என்றால் மனுக் கட்டணமும் இல்லை.

மண்டப ரசீது யார் பெயரில் இருக்கிறது என்றும் பாருங்கள். பிளானர்கள் பல பேர் தங்கள் கம்பெனி பெயரில் புக் செய்துவிடுகிறார்கள். தமிழ்நாட்டில் 2009-ஆம் வருஷத்துச் சட்டப்படி கல்யாணத்தை 90 நாளுக்குள் பதிவு செய்தாக வேண்டும். சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் பத்திரிகையோடு ரசீதையும் எடுத்துக்கொண்டு போகும்போதுதான் அதில் பெண் வீட்டுப் பெயரே இல்லை என்று தெரிந்து, புது ஜோடி எங்கள் ஆபீஸ் வாசலில் வந்து நிற்கிறது.

ராத்திரி பத்து மணிக்கு மேல் திறந்தவெளியில் ஸ்பீக்கர் கூடாது என்பது எல்லாருக்கும் தெரிந்த சட்டம். பதினொன்று வரை டிஜே உண்டு என்று பிளானர் வாக்குக் கொடுத்துவிடுகிறார்; போலீஸ் வந்து கேட்பது என்னை.

சரி, பிளானரால் ஆகாததும் உண்டு. எந்த மாமனுக்கு முதலில் மாலை, யாரைக் கூப்பிடாமல் விட்டால் கோபித்துக்கொண்டு போவார் என்பதெல்லாம் டி-ஷர்ட் பையனுக்கு எப்படித் தெரியும்? அதற்கு வீட்டில் விவரமான ஒருவரை நியமித்து, பிளானரோடு கூடவே இருக்கச் சொல்லுங்கள். அந்த ஆள் பெண்ணின் அப்பாவாக இருக்க வேண்டாம்.

போன தை மாதத்திலிருந்து எங்கள் மண்டபத்தில் ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். பிளானர் மூலம் புக்கிங் வந்தால், அன்றைக்கு நேரில் நிற்கப்போகிறவரின் பெயர், செல் நம்பர், டீசலுக்கும் அவசரச் செலவுக்கும் அவரிடம் இருக்கும் தொகை, இந்த மூன்றையும் எழுதிக் கையெழுத்து வாங்கிய பிறகுதான் சாவி. முதலில் முணுமுணுத்தார்கள், இப்போது எழுதிக்கொண்டே வருகிறார்கள். மற்ற மண்டபக்காரர்களும் இதைச் செய்யலாமே என்று கேட்கத்தான் இந்தக் கடிதம்.

இப்படிக்கு,
திருமண மண்டப மேலாளர்,
ஈரோடு மாவட்டம்.