அப்பாவின் பெட்டியை ஒருக்கால் திறந்து பார்

அக்கரைப்பற்று

அன்புள்ள மச்சான்,

உன் கடிதமும் அதோடு அனுப்பிய பத்திரிகைத் துண்டும் கிடைத்தன. நானும் உனக்கு எழுத வேண்டும் என்று இருந்த நேரம்தான். அம்மாவுக்கு முழங்கால் வலி விடுவதாயில்லை, மற்றபடி சுகம். சின்னவள் சோதனைக்குப் படிக்கிறாள். ஊரில் இப்போது வாயைத் திறந்தால் ஒரே கதைதான்: பிரதான வீதியை அகலிக்கப் போகிறார்கள், நம் வேம்படிப் பிள்ளையார் அந்த அளவுக்குள் வந்துவிட்டார்.

போன மாதம் நில அளவைக்காரர் வந்து முளை அடித்துவிட்டுப் போனார்கள். மடப்பள்ளிச் சுவரில் சிவப்புப் பெயின்ரால் ஓர் அம்புக்குறி, பக்கத்தில் ஓர் இலக்கம். அது விழுந்த இடம் விளக்கு வைக்கும் மாடத்துக்கு நேர் கீழே. வெள்ளிக்கிழமை போனபோது, மாடத்தில் இருந்து வடிந்த எண்ணெய் அந்த இலக்கத்தின் மேல் ஒரு கோடாய் இறங்கியிருந்தது. திரி போட்டுக்கொண்டிருந்த ஆச்சி என்னைக் கண்டதும், "பிள்ளையாருக்கும் நம்பர் போட்டுட்டாங்களா மனே?" என்று கேட்டா. எனக்குப் பதில் சொல்ல வாய் வரவில்லை.

வீதி வேண்டாம் என்று நான் சொல்ல மாட்டேன். உன் தம்பி மோட்டார் சைக்கிளோடு விழுந்து கால் முறிந்தது அந்தத் திருப்பத்தில்தான். எதிரே வரும் பஸ்ஸை வேம்பு மறைக்கிறது என்பதும் உண்மைதான். கொல்லம் பக்கம் உமயநல்லூரில் தேசிய நெடுஞ்சாலை 66 க்குக் காணி எடுத்த வழக்கில், வழிபாட்டிடங்கள் பாதிக்கப்பட்டாலும் கடவுள் நம்மை மன்னிப்பார் என்று கேரள உயர் நீதிமன்றம் 2021 இல் சொன்னதை நீ அடிக்கோடிட்டு அனுப்பியிருந்தாய். மன்னிப்பார்தான், எனக்கு அதில் சந்தேகமே இல்லை. என் மனதைக் குடைவது அங்கே வந்து கும்பிடுகிற சனம். அவர்களிடம் யார் ஒரு வார்த்தை கேட்டார்கள்?

பிள்ளையாரை நகர்த்தச் சாத்திரத்தில் வழி இருக்கிறது. ஐயரிடம் போய்க் கேட்டேன். கலாகர்ஷணம் செய்து மூர்த்தியின் சக்தியைக் கும்பத்துக்கு எடுத்து, பாலாலயம் என்ற தற்காலிகக் கோயிலில் வைத்து, புதுக் கோயில் எழும்பியதும் கும்பாபிஷேகம், பிறகு 48 நாள் மண்டலாபிஷேகம். எல்லாவற்றுக்கும் நாள் பார்க்க வேண்டும், காசும் வேண்டும். இயந்திரம் வந்து வாசலில் நின்ற பிறகு நாள் பார்ப்பது எப்படி? வேம்பையோ எந்தக் கும்பத்திலும் எடுக்க முடியாது. 1978 நவம்பர் சூறாவளியில் கோயில் கூரை பறந்தும் அந்த மரம் நின்றது உனக்கும் ஞாபகம் இருக்கும். மறுநாள் உன் அப்பா அதன் அடியில் கிடுகு கட்டி விளக்கேற்றினார். நாம் இரண்டு பேரும்தான் கிடுகு சுமந்தோம்.

சந்திக்கு அந்தப் பக்கம் உள்ள ஸியாரமும் அளவுக்குள் வந்துவிட்டது. அவர்கள் பாடு நம்மைவிடக் கஷ்டம். அது அடக்கத்தலம், மச்சான். அதைக் கிளறுவதை நினைத்தும் பார்க்க அவர்களால் முடியவில்லை. பள்ளிவாசலை நிர்வகிக்கும் மரைக்காயர்மாரும் நம் கோயிலை நிர்வகிக்கும் வண்ணக்கரும் ஒரே ஓட்டோவில் பிரதேச செயலகத்துக்குப் போய் வந்தார்கள். இத்தனை வருடத்தில் இப்படி ஒரு காட்சியை நான் கண்டதில்லை.

இங்கே இலங்கையில் 1950 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டம்தான் இன்றும் நடப்பில் இருக்கிறது. 2 ஆம் பிரிவு அறிவித்தலோடு அளக்க வருவார்கள். ஆட்சேபம் சொல்ல இடம் இருப்பது 4 ஆம் பிரிவில். அதற்கு 14 நாளுக்குக் குறையாத அவகாசம் தர வேண்டும், எழுத்தில் கொடுக்க வேண்டும். 5 ஆம் பிரிவுப் பிரகடனம் வர்த்தமானியில் வந்துவிட்டால் பிறகு கதைக்க மிஞ்சுவது நட்டஈடு மட்டும்தான். அவசரம் என்று 38 ஆம் பிரிவில் கட்டளை போட்டால், நட்டஈடு முடிவாகும் முன்பே காணியைப் பாரமெடுக்கலாம். இந்த 4 ஆம் பிரிவு அறிவித்தல்தான் இப்போது நம் வேம்பில் ஒட்டியிருக்கிறது. ஐந்து நாள் போய்விட்டது. ஒட்டிய அன்று மழை. பாதிப் பேர் அதை வாசிக்கவே இல்லை.

இனி உன்னிடம் வருகிறேன். கோயில் காணிக்கு உறுதிப் பத்திரம் எங்கே என்று எல்லாரும் கேட்கிறார்கள். முன்பக்கம் ஒரு துண்டு வீதி ஒதுக்குக்குள் போகிறது, அதற்கு நாம் உரிமை கோர முடியாது. பின்பக்கத் தென்னங்காணி உங்கள் குடும்பம் பிள்ளையாருக்கு நன்கொடையாகக் கொடுத்தது என்று ஊருக்கே தெரியும். ஊருக்குத் தெரிந்தது கந்தோரில் செல்லாதாம். வரைபடத்தில் அந்தத் துண்டுக்கு நேரே உரிமையாளர் பெயர் இல்லை. அது நிரூபணமானால், கோயிலை அதே வளவுக்குள் பின்னுக்கு நகர்த்த இடம் கேட்கலாம். வேம்பையும் வீதியின் ஓரமாக விடச் சொல்லி எழுதலாம். இன்னும் கோடு இறுதியாகவில்லை என்று ஓர் உத்தியோகத்தர் தனிப்படச் சொன்னார்.

உன் அப்பா வண்ணக்கராக இருந்த காலத்துக் கடதாசி எல்லாம் அந்தத் தகரப் பெட்டியில்தானே வைத்திருந்தார்? நீ சென்னைக்குப் போகும்போது அதையும் கொண்டு போனாய். அதற்குள் நொத்தாரிசின் முத்திரை வைத்த நீளக் கடதாசி ஒன்று இருக்கிறதா என்று இன்றைக்கே பார். இருந்தால் முன்பக்கம், பின்பக்கம் இரண்டையும் படம் பிடித்து வட்ஸ்அப்பில் அனுப்பு, மூலத்தைப் பதிவுத் தபாலில் போடு. இல்லாவிட்டாலும் உடனே சொல். காணிப் பதிவகத்தில் தேட நாளைக் காலையே ஆள் அனுப்ப வேண்டும்.

அன்புடன்,
உன் பழைய கூட்டாளி