'ஹிட்' என்றால் 'அடி' மட்டும் அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

நாளிதழ்களின் மாணவர் பக்கங்களிலும் தேர்வுக் கையேடுகளிலும் ஆங்கில வினைச்சொல்லுக்கு எதிரே ஒரே ஒரு தமிழ்ச் சொல்லைப் போட்டு முடித்துவிடுகிறார்கள். 'ஹிட்: அடி' என்பது அவற்றில் ஒன்று. எங்கள் கிருஷ்ணகிரி மாவட்டத்துப் பிள்ளைகள் இதை மனப்பாடம் செய்துகொண்டு ஓசூருக்கும் பெங்களூருவுக்கும் வேலைக்குப் போகிறார்கள். அங்கே காதில் விழும் 'ஹிட்' வேறு.

இச்சொல், ஸ்வீடன் உள்ளிட்ட வடஐரோப்பிய நாடுகளில் முன்பு வழங்கிய பழைய நார்ஸ் மொழியின் 'ஹிட்டா'விலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தது. எதிர்ப்படுவது, கண்டடைவது என்பதே அங்கே அதன் பொருள். ஸ்வீடன் நாட்டில் இன்றும் 'ஹிட்டா' என்றால் கண்டுபிடி. அடித்தல் பிறகு வந்து சேர்ந்தது. ஒரு யோசனை தோன்றுவதை 'ஹிட் ஆன் அன் ஐடியா' என்று சொல்வதில் அந்தப் பழைய பொருள்தான் இருக்கிறது. இது கொச்சை அல்ல, கட்டுரையிலும் எழுதலாம். ராயக்கோட்டையில் தக்காளி கிலோ 100 ரூபாயை 'ஹிட்' செய்தால் தொட்டது என்று பொருள். வறட்சி மாந்தோப்பை 'ஹிட்' செய்தால் பாதித்தது. இறந்த காலத்திலும் இச்சொல் உருமாறாது. 'ஹிட்டட்' என்று எழுதுவது பிழை.

சிக்கல் எல்லாம் பின்னால் ஒட்டும் சின்னச் சொல்லில் இருக்கிறது. அதே 'ஹிட் ஆன்' என்பதற்குப் பிறகு யோசனைக்குப் பதிலாக ஓர் ஆள் வந்தால், அந்த ஆளிடம் வழிவது, மயக்கப் பார்ப்பது என்று ஆகிவிடும். தம்பியை ஒருவன் அடித்தான் என்று சொல்ல நினைத்து 'ஹீ ஹிட் ஆன் மை பிரதர்' என்று எழுதினால் புகாரே திசை மாறிவிடும். 'ஹிட் ஹிம் ஆன் த ஹெட்' சரியான வாக்கியம் என்பதால் அந்த 'ஆன்' மனதில் தங்கிவிடுகிறது. அடி வாங்கிய ஆள் 'ஹிட்' என்பதை ஒட்டியே வரவேண்டும். 'ஆன்' என்பதை அடிபட்ட இடத்துக்கு மட்டும் வைக்கவேண்டும்.

'ஹிட் மீ அப்' என்றால் மெசேஜ் போடு, கூப்பிடு. 'ஹிட் அப்' என்பதற்குப் பணம் கேட்பது என்றும் அமெரிக்க வழக்கு உண்டு. அடித்து நொறுக்குவதற்கு உரியது 'பீட் அப்'. நண்பனுக்கு எழுதும்போது 'ஹிட் மீ அப்' தவறில்லை, வேலை விண்ணப்பத்தில் வேண்டாம். 'ஹிட் த சாக்' தூங்கப் போவது, 'ஹிட் த புக்ஸ்' உட்கார்ந்து படிப்பது. 'ஹிட் இட் ஆஃப்' சண்டை அல்ல. பார்த்தவுடன் மனம் ஒத்துப்போவது.

இவை நம் பிள்ளைகளுக்கு விளங்காத விஷயமே இல்லை. நம் 'அடி'யை வைத்தே சொல்லிக்கொடுக்கலாம். வெயில் அடிக்கிறது, மாமரத்துக்கு மருந்து அடிக்கிறோம், ராகிக் கதிர் அடிக்கிறோம், பரீட்சையில் காப்பி அடிக்கிறான். இதில் எங்கே அடிதடி? தேன்கனிக்கோட்டை, தளிப் பக்கம் வீட்டில் தெலுங்கு பேசும் பிள்ளை 'காப்பி கொட்டு' என்கிறது. கன்னடம் பேசும் பிள்ளை 'காப்பி ஹொடி' என்கிறது. மூன்று மொழியிலும் ஒரே வழக்கு. ஆனால் இதைத் திருப்பி 'ஹிட்' என்று போட முடியாது: மருந்து அடிப்பது 'ஸ்ப்ரே', கதிர் அடிப்பது 'த்ரெஷ்', மணி அடிப்பது 'ரிங்'. பிரேக் அடிப்பது மட்டும் 'ஹிட் த பிரேக்ஸ்' என்று பொருந்துகிறது. தண்ணி அடிப்பதும் 'ஹிட் த பாட்டில்' என்பதும் ஒன்றுபோலத் தெரியும். ஆங்கிலத்தில் அது ஒருநாள் குடியை அல்ல, குடியில் மூழ்குவதைக் குறிக்கும்.

'ஹிட் அண்ட் ரன்' குறித்துத் தனியாகச் சொல்லவேண்டும். தொப்பூர் கணவாய் வழியாகப் போய்வரும் மக்களுக்கு இது அகராதி விவகாரம் மட்டும் அல்ல. அகராதியில், மோதிவிட்டு ஓட்டுநர் தப்பியோடுவது. மோட்டார் வாகனச் சட்டத்தின் 161ஆம் பிரிவிலோ, தக்க முயற்சி செய்தும் எந்த வாகனம் என்று கண்டறிய முடியாத விபத்து. அதற்கான இழப்பீடு உயிரிழப்புக்கு 2 லட்சம் ரூபாய், கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாய். ஓட்டுநர் ஓடிப்போயிருந்தாலும் வண்டி எண் தெரிந்துவிட்டால் அது சட்டப்படி 'ஹிட் அண்ட் ரன்' ஆகாது. விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் வழக்குப் போடவேண்டும். அகராதிப் பொருளை மட்டும் நம்பினால் தவறான இடத்தில் மனு கொடுக்க நேரும்.

அகராதி பார்ப்பதிலும் ஒரு முறை உண்டு. பெரிய ஆக்ஸ்போர்டு அகராதி பொருள்களை வரலாற்று வரிசையில் தருகிறது. முதலில் இருப்பது இன்று வழக்கொழிந்ததாகவும் இருக்கலாம். மாணவருக்கு, அதிகம் வழங்கும் பொருளை முன்னால் வைக்கும் கற்போர் அகராதியே ஏற்றது. வினைக்கு அடுத்து 'ஆன்', 'அப்', 'ஆஃப்' இருந்தால் மேலே உள்ள எண்ணிட்ட பொருள்களில் தேடக்கூடாது, பதிவின் கடைசியில் உள்ள கூட்டுவினை ('ஃபிரேசல் வெர்ப்') பகுதிக்குப் போகவேண்டும். பிறகு 'இன்ஃபார்மல்', 'ஸ்லாங்' என்ற குறி இருக்கிறதா என்று பார்க்கவேண்டும். பலரும் தாண்டிப்போவது இந்தக் குறியைத்தான். எந்தச் சொல்லை யாரிடம் சொல்லலாம் என்பதை அதுதான் காட்டுகிறது.

தங்கள் நாளிதழின் மாணவர் பக்கத்தில் இனி வினைச்சொல் வெளியிடும்போது அதனுடன் சேரும் சொல், ஒரு முழு வாக்கியம், கொச்சையா பொதுவழக்கா என்ற குறி ஆகிய மூன்றையும் சேர்த்து அச்சிட வேண்டுகிறேன். இடம் போதாது என்றால் வாரம் பத்துச் சொல்லுக்குப் பதில் இரண்டு போதும்.

இப்படிக்கு,
ஆங்கிலப் பட்டதாரி ஆசிரியர்,
காவேரிப்பட்டணம், கிருஷ்ணகிரி மாவட்டம்.