தெங்குமரஹாடாவிலிருந்து

அன்புள்ள சிவா,

உன் கடிதம் வந்தது. பெரியவளுக்கு வேலை கிடைத்ததில் எங்கள் வீட்டிலும் எல்லோருக்கும் சந்தோஷம்.

"புலிகள் காப்பகத்துக்காக ஊரைக் காலி செய்யக் குடும்பத்துக்கு 15 லட்சம் தருகிறார்களே, வாங்கிக்கொண்டு கிளம்ப வேண்டியதுதானே?" என்று கேட்டிருந்தாய். 495 குடும்பத்துக்கு 74.25 கோடி என்று உயர் நீதிமன்றம் வரை போன கணக்கு அது. ஆனால் நாங்கள் உழுகிற நிலத்துக்குப் பட்டா கிடையாதே. 1948-இல் உணவுத் தட்டுப்பாட்டுக் காலத்தில் கூட்டுறவுப் பண்ணைச் சங்கம் தொடங்கி, குத்தகைக்கு விட்ட காட்டு நிலம். அதனால் பணம் நிலத்தைப் பார்த்து வராது, தலையைப் பார்த்துத்தான் வரும். 18 வயது நிரம்பிய பிள்ளை தனிக் குடும்பக் கணக்கு. டீக்கடையில் இப்போது ஊர்ப் பேச்சே யார் பிள்ளைக்கு என்ன வயசு என்பதுதான்! என் பையன் பத்தாவது படிக்கிறான். அப்புறம் நீயே கணக்குப் போட்டுக்கொள்.

அப்பா நகர மாட்டேன் என்கிறார். என் மனைவிக்குப் போனால் போதும். அதற்குக் காரணம் யானையோ புலியோ இல்லை, ஊருக்கு வரக் கடக்க வேண்டிய மாயாறுதான். இங்கே ஒரு சொட்டு மழை இருக்காது. மேலே மின்நிலையத்தில் தண்ணீர் விட்டால் ஆறு ஏறிவிடும், பரிசல் நின்றுவிடும். பஸ் அக்கரையோடு சரி. போன மாதம் பக்கத்து வீட்டுப் பெண்ணுக்கு வலி கண்டு, தண்ணீர் இறங்கும்வரை கரையிலேயே உட்கார்ந்திருந்தோம். தாயும் பிள்ளையும் நலம். ஆனால் அன்றைக்கு முடிவு செய்தவள்தான் என் மனைவி.

என்னைக் கேட்டால், எப்போதோ ஒரு பாலம் கட்டியிருந்தால் பாதிப் பேர் போகிற யோசனைக்கே வந்திருக்க மாட்டார்கள். காட்டைக் காப்பாற்றுவது தப்பு என்று நான் சொல்லவில்லை. பாறு கழுகு பார்க்க வருகிறவர்கள் இந்தப் பள்ளத்தாக்கின் அருமையைச் சொல்லும்போது எனக்கும் பெருமையாகத்தான் இருக்கிறது. அதே வாயால் எங்களை ஆக்கிரமிப்பாளர் என்பதுதான் பொறுக்கவில்லை.

மற்றபடி வாழை நன்றாக வந்திருக்கிறது. ராத்திரி காவல் என்னுடையது. யானை வந்தால் கத்துவதைத் தவிர வேறென்ன செய்ய? மிளகாய்க்கு விலை இல்லை. தாலுகா ஆபீஸ் வேலையாகக் கோத்தகிரி போக வேண்டும். மலை நேரே தலைக்கு மேல்தான் நிற்கிறது, பஸ்ஸில் போவதானால் பவானிசாகர், மேட்டுப்பாளையம் என்று சுற்ற வேண்டும்.

லீவில் வருவதாக எழுதியிருந்தாயே, காரில் வராதே. செக்போஸ்ட்டில் விட மாட்டார்கள். பவானிசாகரில் பஸ் ஏறு, பரிசல் துறையில் நான் நிற்கிறேன். அப்பாவுக்குக் கொஞ்சம் மூட்டுவலித் தைலம் வாங்கி வா.

அன்புடன்,
முருகேசன்