‘ஏன் கத்தவில்லை?’ என்று கேட்பதை நிறுத்துவோம்

ஆசிரியருக்கு,

பாலியல் வன்முறை வழக்கு என்றாலே ‘அவள் எதிர்த்தாளா, கத்தினாளா?’ என்ற கேள்விதான் முதலில் எழுகிறது. அச்சத்தில் உடல் உறைந்துபோனவரால் கத்த முடியாது என்பதைக் கேட்பவர் யாரும் நினைப்பதில்லை.

தத்துவ அறிஞர் லோயிஸ் பினோ 1989-இல் எழுதிய கட்டுரை இந்தக் கேள்வியையே ஆணின் பக்கம் திருப்பியது. உடலுறவை ஒப்பந்தமாகப் பார்க்காதீர்கள், உரையாடலாகப் பாருங்கள் என்றார் அவர். பேசிக்கொண்டிருக்கும்போது எதிரே இருப்பவர் முகம் சுருங்கினால் நிறுத்தி, என்னவென்று கேட்கிறோம் அல்லவா? அப்படி எதையும் கவனிக்காதவர் ‘அவளுக்கும் விருப்பம் என்றே நம்பினேன்’ என்றால், அந்த நம்பிக்கையை நியாயமானது என்று எப்படி ஏற்பது?

நம் சட்டம் இந்தத் திசையில் மெதுவாகத்தான் நகர்ந்தது. 1972-இல் மகாராஷ்டிரக் காவல் நிலையம் ஒன்றில் பழங்குடிச் சிறுமிக்கு நேர்ந்த கொடுமையில், உடலில் காயமில்லை என்பதையும் காரணம் காட்டி 1978-இல் உச்ச நீதிமன்றம் காவலர் இருவரையும் விடுவித்தது. பணிந்துபோவது வேறு, சம்மதிப்பது வேறு என்று நான்கு சட்ட ஆசிரியர்கள் தலைமை நீதிபதிக்குத் திறந்த மடல் எழுதினார்கள். அந்த வேறுபாட்டைச் சட்டம் தெளிவாக எழுதிக்கொள்ள 2013 வரை ஆனது. சொல்லாலோ சைகையாலோ ஐயத்துக்கு இடமின்றித் தெரிவிக்கும் விருப்பமே சம்மதம். எதிர்க்கவில்லை என்பது மட்டுமே சம்மதம் ஆகாது. இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில், பாலியல் வன்புணர்வை வரையறுக்கும் 63-ஆம் பிரிவிலும் இதுவே தொடர்கிறது.

ஆனாலும் ஒரு ஓட்டை இருக்கிறது. சம்மதம் எது என்று சொல்லும் சட்டம், அதைத் தெரிந்துகொள்ள ஆண் என்ன செய்திருக்க வேண்டும் என்று சொல்லவில்லை. 2017-இல் டெல்லி உயர் நீதிமன்றம், பலவீனமான ‘வேண்டாம்’ சில நேரம் ‘சரி’ என்றும் பொருள்படலாம் என்று எழுதி ஒருவரை விடுவித்தது இந்த ஓட்டை வழியாகத்தான். கனடா 1992-இலேயே இதை அடைத்துவிட்டது. சம்மதம் இருந்ததாக நம்பினேன் என்பவர், அதை உறுதிசெய்ய அப்போது தனக்குத் தெரிந்த சூழலுக்கேற்ற நியாயமான முயற்சி எடுத்திருக்க வேண்டும்; இல்லையேல் அந்த வாதம் அங்கே எடுபடாது.

63-ஆம் பிரிவின் விளக்கத்தில் இதே பொருளில் ஒரு வரி சேர்த்தால் போதும். ‘அவள் தயங்கியபோது நிறுத்தினாரா? கேட்டாரா? என்ன பதில் வந்தது?’ என்று விசாரணை திரும்பும். இது குற்றம் சாட்டப்பட்டவர் மீது நிரூபணச் சுமையை ஏற்றுவதாகும் என்று சிலர் அஞ்சுகிறார்கள். அந்த அச்சம் தேவையற்றது. கனடாவில் இன்றும் ஐயத்துக்கு இடமின்றிக் குற்றத்தை நிரூபிக்க வேண்டியது அரசுத் தரப்புதான்.