எட்டு வருடம் கட்டியும் 240 மாதம் பாக்கி

வீட்டுக்கடன் கொடுக்கும் வங்கிகளின் நிர்வாகத்தினருக்கும், அந்த வங்கிகளைக் கண்காணிக்கும் பொறுப்பில் இருப்பவர்களுக்கும் வணக்கம்.

வீட்டுக்கடன் எப்படி ஓடுகிறது என்று உங்களுக்கு நான் பாடம் எடுக்கத் தேவையில்லை. போன மாதம் உங்களில் ஒருவருடைய கிளையில் நடந்ததை மட்டும் சொல்கிறேன். என் கோரிக்கை அதிலேயே இருக்கிறது.

கையில் கொஞ்சம் பணம் சேர்ந்திருந்தது. கடனில் ஒரு பகுதியை முன்கூட்டியே அடைத்துவிடலாம் என்று போனேன். 20 வருடக் கடன். 8 வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டியாயிற்று. மீதி 12 வருடம், அதாவது 144 மாதம். இதுதான் என் மனக்கணக்கு. கவுண்டரில் இருந்த பெண் திரையைப் பார்த்துவிட்டு, "இன்னும் 240 தவணை இருக்கு சார்" என்றார்.

"அது ஆரம்பத்துல இருந்ததும்மா. இப்ப மீதி எவ்வளவுன்னு பாருங்க."

அவர் ஒன்றும் சொல்லாமல் திரையை என் பக்கம் திருப்பினார். மீதிதான் 240. கடன் வாங்கிய அன்று எத்தனை மாதம் இருந்ததோ, அதே எண். 96 மாதம் கட்டியிருக்கிறேன், ஒரு மாதம்கூடக் குறையவில்லை. எனக்குப் பின்னால் வரிசையில் நின்றவர் தொண்டையைக் கனைத்தார். நான் நகர்ந்து வந்து ஒரு நாற்காலியில் உட்கார்ந்தேன். கொண்டுபோன காசோலை பையிலேயே இருந்தது.

எப்படி இது நடந்தது என்பதை வீட்டுக்கு வந்து நானே கணக்குப் போட்டுத் தெரிந்துகொண்டேன். பணத்தின் பெயர் எதுவானாலும் சரி, கடன் 100 என்று வைத்துக்கொள்வோம். 7 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை சுமார் 0.78. மொத்தம் 186 கட்டி முடிக்க வேண்டியது. மூன்று வருடம் கட்டியதும் வட்டி 9 சதவீதம் ஆயிற்று. அப்போது நிலுவை ஏறக்குறைய 92. ஒப்பந்தப்படி மாறும் வட்டிதான், ஏறலாம் என்று தெரிந்துதான் கையெழுத்துப் போட்டேன். அதில் எனக்குச் சண்டை இல்லை.

அன்று உங்களிடமிருந்து வந்த குறுஞ்செய்தியில் இரண்டே வரி. வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது. மாதத் தவணையில் மாற்றம் இல்லை.

அதைப் படித்துவிட்டு நான் நிம்மதிப் பெருமூச்சு விட்டேன். இப்போது நினைத்தால் அந்தப் பெருமூச்சுதான் எனக்கு அதிகமாக வலிக்கிறது. வீட்டில் எல்லோரிடமும் சொன்னேன், "நல்லவேளை, தவணை கூடலை" என்று. தவணையைக் கூட்டாமல் விட்டதற்குப் பதிலாக நீங்கள் காலத்தைக் கூட்டிவிட்டீர்கள். மீதியிருந்த 204 மாதம் 300 ஆகிவிட்டது. அந்தச் செய்தியில் மூன்றாவதாக ஒரு வரி போட உங்களுக்கு என்ன செலவாகியிருக்கும்? "உங்கள் கடன் மேலும் 8 வருடம் நீள்கிறது." அவ்வளவுதான்.

அன்றைக்கே என்னைக் கேட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்றும் பார்த்தேன். முடியும் தேதியை மாற்றாமல் வைக்க, தவணையைச் சுமார் 14 சதவீதம் கூட்ட வேண்டியிருந்திருக்கும். சிரமம்தான், ஆனால் எப்படியாவது சமாளித்திருப்பேன். மொத்தம் 208 அல்லது 209இல் கடன் முடிந்திருக்கும். நீங்கள் எனக்காகத் தேர்ந்தெடுத்த வழியில் மொத்தம் 260. இடையில் இருக்கும் 51, நான் வாங்கிய கடனில் பாதிக்கும் மேல். அந்த முடிவை எடுத்தது நான் இல்லை. எடுக்க வேண்டிய முடிவு ஒன்று இருந்தது என்பதே எனக்கு ஐந்து வருடம் தெரியாது.

எட்டு வருடத்தில் நான் கட்டியது 74. அசலில் குறைந்தது 14.

கடன் வாங்கும்போது எனக்கு 40 வயது. 60இல் கடன் முடியும், கூடவே வேலையும் முடியும் என்று பார்த்துப் பார்த்துத்தான் 20 வருடம் எடுத்தேன். இனி 68 வயது வரை கட்ட வேண்டும். மார்ட்கேஜ் என்ற சொல்லே பழைய பிரெஞ்சில் 'செத்த அடமானம்' என்ற பொருளில் வந்தது என்பார்கள். கட்டாவிட்டால் நிலம் உனக்குச் செத்தது, கட்டிவிட்டால் அடமானம் செத்தது என்று 17ஆம் நூற்றாண்டு ஆங்கிலச் சட்ட அறிஞர் எட்வர்ட் கோக் அதற்கு விளக்கம் சொன்னார். கட்டிக்கொண்டே இருக்கிறவனைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை.

ஆக, என் கோரிக்கை இதுதான். வாங்கும் ஒவ்வொரு 100க்கும் கடைசியில் நாங்கள் எவ்வளவு திருப்பிக் கட்டுவோம் என்பதைக் கையெழுத்துக்கு முன்னால், முதல் பக்கத்தில், பெரிய எழுத்தில் போடுங்கள். அந்த எண் மாறும்போதெல்லாம் புது எண்ணைச் சொல்லுங்கள். எங்களைக் கேட்காமல் ஒரு மாதம்கூடக் கடனை நீட்டாதீர்கள்.

"இதெல்லாம் கணக்குத் தெரிந்தவர்கள் போட்டுப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதானே" என்று சொல்லலாம். நான் கணக்கில் மோசமில்லை. இருந்தும் ஏமாந்தேன், ஏனென்றால் 9 சதவீதம் என்று கேட்டால் மனது 100க்கு 109 என்றுதான் நினைக்கிறது. 20 வருடம் முழுக்க 9 சதவீதம் என்றால் 100க்கு 216 கட்ட வேண்டும். அதையே 30 வருடமாக நீட்டினால் ஏறக்குறைய 290. தவணை மாதத்துக்கு 0.90இலிருந்து 0.80க்கு இறங்குகிறது, பத்தில் ஒரு பங்கு லாபம் மாதிரித் தெரிகிறது. அந்தப் பத்தில் ஒரு பங்குக்காக வாங்கிய கடனில் முக்கால் பங்கைக் கூடுதல் வட்டியாகக் கொடுக்கிறோம். உங்கள் ஆலோசகர்கள் 30 வருடத்தைப் பரிந்துரைக்கும்போது "தவணை சுலபமா இருக்கும்" என்று சொல்கிறார்களே தவிர, இந்த இரண்டாவது எண்ணை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

இன்னொன்று. அதே 20 வருட, 9 சதவீதக் கடனில் முதல் மாதத் தவணையில் 83 சதவீதம் வட்டிக்கே போய்விடுகிறது. அசலில் பாதி கரைவதற்குள் 14 வருடம் ஓடிவிடுகிறது. இதில் சூழ்ச்சி எதுவும் இல்லை, நிலுவை அதிகமாக இருக்கும்போது வட்டியும் அதிகமாக இருக்கும், அவ்வளவே. கணக்கு சரியாகத்தான் இருக்கிறது. ஆனால் பத்தாம் வருடம் கடன் பாதி முடிந்திருக்கும் என்று நம்பி வேலையை மாற்றுகிறவர்கள், வீட்டை விற்கத் திட்டமிடுகிறவர்கள், பிள்ளையின் படிப்புக்கு வேறு கடன் எடுக்கிறவர்கள் எத்தனையோ பேர். வருடத்துக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால் 20 வருடக் கடனில் மூன்றரை வருடம் போலக் குறையும் என்று முதல் நாளே ஒருவர் சொல்லியிருந்தால் நான் அப்படியே செய்திருப்பேன். சொல்ல வேண்டிய இடத்தில் இருந்தவருக்கு, சொல்லாமல் இருப்பதில்தான் ஊக்கத்தொகை போலிருக்கிறது.

சரி, கட்டணங்களைப் பற்றி அதிகம் பேசப் போவதில்லை. பரிசீலனைக் கட்டணம், சட்டக் கருத்துக்கு ஒன்று, மதிப்பீட்டாளருக்கு ஒன்று என்று வரிசையாக வந்தன, கட்டினேன். கடனோடு சேர்த்து விற்கப்பட்ட காப்பீட்டை மட்டும் மறக்க முடியவில்லை. "பிரீமியத்தை நீங்க கையில இருந்து தர வேண்டாம், கடன்லயே சேர்த்துடலாம்" என்றார்கள். கடனில் சேர்த்த பிரீமியத்துக்கும் கடைசி மாதம் வரை வட்டி உண்டு என்று அவர்கள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

உங்களிடம் தகவல் அனுப்ப வசதி இல்லை என்று நான் நம்பத் தயாராக இல்லை. என் பிறந்தநாளுக்கு நீங்கள் தவறாமல் வாழ்த்து அனுப்புகிறீர்கள். கடனுக்கு மேல் கடன் தருவதாக வாரம் ஒரு அழைப்பு வருகிறது. ஒருமுறை கணக்கில் பணம் ஒரு நாள் தாமதமாக ஏறியபோது மதியத்துக்குள் மூன்று பேர் அழைத்து நலம் விசாரித்தார்கள். என் தவணை, என் பிறந்த தேதி, என் சம்பளம் எல்லாம் உங்கள் கணினிக்கு அத்துப்படி. என் கடன் முடியும் தேதி மட்டும் எப்படியோ ராணுவ ரகசியமாகிவிட்டது. விளம்பரத்தில் புது வீட்டு வாசலில் சாவியோடு சிரிக்கும் அந்தக் குடும்பத்தை 68 வயதில் ஒருமுறை படம் எடுத்துப் போடுங்களேன், பார்க்கலாம்.

மன்னிக்கவும், கோபத்தில் கொஞ்சம் தடம் மாறிவிட்டேன்.

கண்காணிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. நான் கேட்பது நடக்காத காரியம் இல்லை. வாங்கும் ஒவ்வொரு யூரோவுக்கும் எவ்வளவு திருப்பிக் கட்டுவீர்கள் என்ற வாசகத்தோடு ஒரு தகவல் தாள் தர வேண்டும் என்று ஐரோப்பிய ஒன்றியம் 2014இல் வீட்டுக்கடன் நெறிமுறையிலேயே எழுதி வைத்தது. கடனுக்கு உண்மையில் ஆகும் செலவை வாங்குபவரிடம் சொல்லியாக வேண்டும் என்ற கடன் உண்மைச் சட்டம் (Truth in Lending Act) அமெரிக்காவில் 1968இலேயே வந்துவிட்டது. 2015 முதல் அங்கே வீட்டுக்கடனுக்கான மதிப்பீட்டுப் படிவத்தில், முதல் ஐந்து வருடத்தில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பீர்கள், அதில் அசல் எவ்வளவு குறைந்திருக்கும் என்று இரண்டு எண்களை அடுத்தடுத்துப் போடுகிறார்கள். 20 வருட, 9 சதவீதக் கடனுக்கு அந்த இரண்டு எண்கள் 54, 11 என்று வரும். அதைப் பார்த்த பிறகும் கையெழுத்துப் போடுகிறவர் விவரம் தெரிந்து போடுகிறார். வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வைக் கடன் வாங்கியவரிடம் விட வேண்டும் என்று இந்திய ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டது. அதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மீதித் தவணை எத்தனை என்று காலாண்டுக்கு ஒருமுறை அறிக்கை தரச் சொன்னதும் அதே உத்தரவில்தான்.

ஆக விதிகள் எழுதத் தெரியாமல் இல்லை. விதி ஏட்டில் இருப்பதும், அந்த எண் கடன்காரரின் கண்ணில் படுவதும் வேறு வேறு. முப்பது பக்க ஒப்பந்தத்தின் 23ஆம் பக்கத்தில், பூதக்கண்ணாடி கேட்கும் எழுத்தில் போட்டுவிட்டு "தெரிவித்துவிட்டோம்" என்று சொல்வதை ஏற்காதீர்கள். முதல் பக்கம், பெரிய எழுத்து. மறுபடி மறுபடி இதையே கேட்கிறேன் என்று சலித்துக்கொள்ள வேண்டாம்.

எதிர்வாதம் எனக்குத் தெரியும். இருபது வருடம் கழித்துக் கட்டும் பணத்துக்கு இன்றைய மதிப்பு இருக்காது, வாடகை மிச்சம், வீட்டின் விலையும் ஏறும். எல்லாம் நியாயம்தான். ஆனால் 20 வருடத்தில் விலை இரண்டு மடங்கு ஆனால் அது வருடத்துக்கு மூன்றரை சதவீத வளர்ச்சி, நாங்கள் கட்டுவது 9 சதவீதம். வாடகை மிச்சத்தைச் சேர்த்துப் பார்த்தால் சிலருக்கு லாபமாக வரும், சிலருக்கு வராது. எது என்று பார்த்து முடிவெடுக்கத்தான் அந்த எண்ணைக் கேட்கிறோம். நீண்ட காலம் வேண்டும் என்று ஒருவர் தெரிந்தே தேர்ந்தெடுத்தால் அது அவர் விருப்பம். வட்டி ஏறிய வருடத்தில் வேலை போயிருந்தால் நானே காலநீட்டிப்புக் கேட்டு உங்கள் வாசலில் நின்றிருப்பேன்.

இன்னும் ஒன்றை மட்டும் சொல்லிவிடுகிறேன். என் விஷயத்தில் வட்டி மூன்று வருடம் கழித்து ஏறியது. முதல் மாதமே 7இலிருந்து 9 ஆகித் தவணை அப்படியே இருந்திருந்தால் 240 மாதக் கடன் 458 மாதம், அதாவது 38 வருடம் ஓடியிருக்கும். 9.3ஐத் தாண்டியிருந்தால் தவணை வட்டிக்கே காணாது, கட்டக் கட்டக் கடன் ஏறியிருக்கும். அப்போதும் அந்தக் குறுஞ்செய்தி அதே இரண்டு வரிகளோடுதான் வந்திருக்குமா?

என் கணக்கைப் பொறுத்தவரை, 60 வயதில் கடனை முடிக்க இப்போது தவணையை 26 சதவீதம் கூட்ட வேண்டும். அன்று 14 போதுமாயிருந்தது. பரவாயில்லை, கூட்டிக்கொள்ளுங்கள் என்று மூன்று வாரம் முன்பு கிளையில் எழுதிக் கொடுத்தேன். முன்கூட்டி அடைக்கக் கொண்டுபோன காசோலையையும் சேர்த்துக் கொடுத்தேன். தயவுசெய்து இரண்டையும் சேர்த்துக் கணக்கிட்டு, கடன் எந்த மாதம் முடிகிறது, இனி மொத்தம் எவ்வளவு கட்ட வேண்டும் என்று எழுத்தில் தாருங்கள். நேற்று அதற்கு ஒரு பதில் குறுஞ்செய்தி வந்தது. கோரிக்கை பெறப்பட்டதாம். மாதத் தவணையில் மாற்றம் இல்லையாம்.

இப்படிக்கு,
தவணை தவறாத ஒரு கடன்காரர்