டீயை ஆறவிட்டு உதவிய அண்ணனுக்கு நன்றி

61 நாள் மீன்பிடித் தடைக்காலம் முடிந்து விசைப்படகுகள் கரை திரும்பிய முதல் காலை. மண்டபத்தில் எங்கள் தராசு முன்னால் இறால் கூடைகள் வரிசையாக நிற்கின்றன. எடைக்கணக்கு ஏறவேண்டிய மைஎஸ்கியூஎல் டேட்டாபேஸை முந்தின நாள்தான் வெளியூர் சர்வருக்கு மாற்றியிருந்தோம். லேப்டாப்பில் சர்வரோடு இணைய முடியவில்லை என்ற 2003 பிழை மட்டும், கடைசியில் அடைப்புக்குள் ஒரு எண்ணோடு, திரும்பத் திரும்ப வந்தது. நானும் பாஸ்வேர்டையே மாற்றிக்கொண்டிருந்தேன்.

டீ கிளாஸோடு எட்டிப் பார்த்தீர்கள். "பாஸ்வேர்டு தப்புன்னா 1045 வரும்மா. அடைப்புக்குள்ள என்ன நம்பர் இருக்கு?"

111.

"110னா பதிலே வரல, பெரும்பாலும் வெளி இணைப்பைத் தடுக்குற ஃபயர்வாலா இருக்கும். 111னா மெஷின் வரைக்கும் போயிருச்சு, டேட்டாபேஸோட வாசல் மாதிரி இருக்குற 3306 போர்ட்ல கேக்கத்தான் ஆள் இல்ல."

அந்த விளக்கம்தான் என் பதற்றத்தை இறக்கியது. சர்வருக்குள் போய்ப் பார்த்தால், மைஎஸ்கியூஎல் பைண்ட் அட்ரஸ் 127.0.0.1. அதாவது அதே மெஷினிலிருந்து வரும் இணைப்பை மட்டும்தான் ஏற்கும். மாற்றி ரீஸ்டார்ட் செய்ததும் 1130 என்ற வேறு பிழை வந்தது. நான் மறுபடி பயந்தேன், நீங்கள் சிரித்தீர்கள். "சர்வர் பேச ஆரம்பிச்சிருச்சு. உங்க ஐபிக்கு, அதாவது உங்க நெட் முகவரிக்கு, அனுமதி இல்லைங்குது, அவ்வளவுதான்."

அவசரத்தில் எல்லா ஐபிக்கும் திறந்துவிடப் போனேன். விடவில்லை நீங்கள். எங்கள் ஐபிக்கு மட்டும் யூசர் போட்டு, ஃபயர்வாலிலும் அதையே எழுதவைத்தீர்கள். அது பெரிய உதவி.

முதல் கூடை, 18 கிலோ 400 கிராம், பதிவானதும் திரும்பினேன். நீங்கள் ராமேஸ்வரம் பஸ்ஸில் ஏறிவிட்டீர்கள். பாதி டீ மேஜைமேலேயே இருந்தது.

ரொம்ப நன்றி அண்ணே. இந்தப் பக்கம் வந்தால் கட்டாயம் எங்கள் கடைக்கு வாருங்கள்.