மகளுக்கு, படம் பார்த்த பின்

அன்பு மகளுக்கு,

இங்கு யாவரும் நலம். உன் படத்தைப் பார்த்தோம். வழக்குமன்றக் காட்சியில் நீ ஒரு சொல்லும் பேசாமல் நின்றபோது அரங்கமே அடங்கிப்போனதைக் கண்ட உன் அம்மா, பக்கத்து இருக்கையில் இருந்த முன்பின் தெரியாதவரிடம் "என் மகள்" என்று சொல்லிவிட்டாள். எனக்கும் நாக்குவரை வந்தது. வெளிச்சம் முகத்தின் எந்தப் பக்கம் விழுகிறது என்பதை வரைந்து பழகியவர்கள் யாரும் சொல்லாமலே உணர்வார்கள். அந்தப் பழக்கம் உன் நிற்பில் தெரிந்தது.

நீ தண்ணீர்க் குவளையை எடுக்கும் குளோசப்பில் உன் விரல்களையும் பார்த்தேன். நகக்கண்களில் ஒரு பொட்டு நீல வண்ணம்கூட இல்லை. படப்பிடிப்பென்றால் ஒப்பனைக்காரர் துடைத்திருப்பார் என்று அம்மாவிடம் சொன்னேன். அவள் எதுவும் கேட்கவில்லை; நானாகத்தான் சொன்னேன்.

கண்காட்சிக்கென்று தொடங்கிய அந்தப் பெரிய கேன்வாஸ் என்னவாயிற்று என்று கேட்பதற்காக இதை எழுதவில்லை. எண்ணெய் வண்ணம் தொட்டால் காய்ந்தது போலத் தோன்றினாலும் உள்ளே காய மாதக்கணக்கில் ஆகும் என்று நீதான் சொல்வாய். ஆகையால் நடுவில் நீ படப்பிடிப்புக்குப் போய்வருவதால் ஓவியத்துக்குக் கேடொன்றும் இல்லை, எப்போது வேண்டுமானாலும் தொடரலாம். தொலைபேசியில் கால்ஷீட் தேதிகளை மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிடுகிறாய். முன்பெல்லாம் வரைந்து முடிக்காததைக்கூடப் படமெடுத்து அனுப்புவாய்.

சிவகுமார் சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்று, 1965-இல் 'காக்கும் கரங்கள்' வழியாகத் திரைக்கு வந்தவர். இன்றும் வியந்து பார்க்கப்படும் அவருடைய கோயில் ஓவியங்களில் பெரும்பாலானவை மாணவப் பருவத்தில் வரைந்தவை. குத்திக்காட்டுவதாக நினைக்காதே, அவர் பெரிய நடிகர், அதில் என்ன குறை? வீர சந்தானமோ 'சந்தியா ராகம்' முதலாகப் பல படங்களில் தோன்றியும், 2017-இல் மறையும்வரை ஓவியர் என்றே அறியப்பட்டார். எனக்குப் பிடித்தவர் யார் என்று நான் சொல்லப்போவதில்லை.

நடிப்பதற்கு ஒருவர் அழைக்க வேண்டும், பிறகு நடித்ததைப் படத்தொகுப்பாளர் வெட்டாமல் விட வேண்டும். அழைப்பு வராத மாதங்களும் வரும். அந்த மாதங்களில் உனக்குக் கைவேலை இருக்க வேண்டும் என்பதே என் கவலை. வண்ணம் வாங்கப் பணம் தேவையென்றால் எழுது. தேவையில்லை என்றாலும் எழுது.

தங்கையைப் பற்றிச் சொல்ல நிறைய இருக்கிறது. அடுத்த கடிதத்தில் எழுதுகிறேன்.

எண்ணெய் துடைத்த துணிகளைச் சுருட்டி மூலையில் போட்டுவிடாதே. வண்ணத்தில் கலந்த ஆளிவிதை எண்ணெய் காயும்போது சூடேறித் துணி தானாகவே தீப்பிடிக்கக்கூடும்; விரித்துக் காயவிடு. போன கடிதத்திலும் இதையே எழுதியிருந்தேன். அப்படித் துணி எதுவும் இப்போது உன் அறையில் இல்லையென்றால், அதையாவது ஒரு வரி எழுது.

அன்புடன்,
அப்பா